வடத்தின் நீளம்

கருங்கல்லுக்கு வாசனை உண்டு. காய்ந்து கிடக்கும்போது தெரியாது, உடைபடும்போது லேசாகக் கருகிய நெடி ஒன்று எழும், அதன்மேல் ஈரம் பட்டதும் அந்த நெடி அடங்கி, மண்ணும் இரும்பும் கலந்த ஒரு குளிர்ச்சி மூக்கில் தங்கிவிடும். பெருமாநல்லூருக்கும் குன்னத்தூருக்கும் நடுவில் இருக்கிற எங்கள் தோட்டத்தில் ரிக் வண்டி ஓடிக்கொண்டிருந்த அன்று, அந்த ஈர வாசனைக்காகத்தான் எல்லாரும் காத்திருந்தோம், எனக்குத் தம்பி முறையாகிற பெரியப்பா மகன், அவன் சம்சாரம், நீரோட்டம் பார்த்துச் சொன்னவர், வேலை முடிந்தும் வீட்டுக்குப் போகாமல் நின்ற தேங்காய் பறிக்கிறவர், எல்லார் தலையிலும் புருவத்திலும் வெள்ளைப் பொடி, தென்னை ஓலைகளிலும் அதே பொடி, சாயுங்கால வெயில் அந்தப் பொடிக்குள் புகுந்து மஞ்சளாக நின்றது. 800 அடியைத் தாண்டிய ஓரிடத்தில் சத்தம் கொஞ்சம் மாறியது, குழாய் வாயிலிருந்து வந்த பொடி கட்டிகட்டியாக விழுந்தது, வாசனை வந்தது, தம்பி என் கையைப் பிடித்துக்கொண்டான். சில நிமிஷம்தான், மறுபடியும் பொடி உலர்ந்து பறக்கத் தொடங்கியது. 1,100 அடிக்கும் மேலே போன பிறகு, "வெறும் புகைதானுங்க, நிறுத்திக்கலாமுங்களா" என்று ரிக்காரர் கேட்டபோது, தம்பி பதில் சொல்லாமல் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு சாளைப் பக்கம் நடந்தான்.

நான் ஊருக்குப் போனது போர் போடுவதைப் பார்ப்பதற்காக அல்ல. அப்பாரு, என் அப்பாவின் அப்பா, அவர் காலத்துக் கிணறு ஒன்று தோட்டத்தின் மேற்கு ஓரத்தில் இருக்கிறது, மூன்று பேருக்குப் பங்கு, அதில் ஒன்று என்னுடையது, தண்ணீர் பார்த்து வருஷக்கணக்காகிவிட்ட அதை மூடி நிரவிவிட்டால் நிலமாவது மிச்சம் என்று தம்பி சொல்லி, கையெழுத்துக்காகக் கூப்பிட்டிருந்தான். போடலாம் என்ற எண்ணத்தோடுதான் பஸ் ஏறினேன். ஆனால் ரிக் நின்று காது பழைய நிலைக்கு வந்த பிறகும் அந்த ஈரக் கல்லின் வாசனை போகவில்லை, எனக்கு அது 800 அடி ஆழத்து வாசனை இல்லை, 50 அடிக் கிணற்றின் வாசனை, அதிலும் விடியற்காலைக் கிணற்றின் வாசனை.

அப்பாருவின் கயிற்றுக் கட்டிலுக்குப் பக்கத்தில் இன்னொரு கட்டிலில் நான் படுத்திருப்பேன், வாசலில்தான், மழை நாள் தவிர வீட்டுக்குள் படுக்கிற வழக்கம் அவருக்கு இல்லை. விடிவெள்ளி கிளம்பும்போது கிணற்று மேட்டில் உருளை சத்தமிடத் தொடங்கும், முதலில் நீளமான ஒரு முனகல், பிறகு தண்ணீர் தொட்டியில் விழுகிற ஓசை, பிறகு மாடுகள் பின்னுக்கு நடக்கிற காலடி, மறுபடியும் முனகல், இந்த மூன்றும் மாறி மாறி வருவதைக் கேட்டுக்கொண்டே நான் திரும்பவும் தூங்கிவிடுவேன், அவர் எழுந்துவிடுவார். வெளிச்சம் வந்த பிறகு நான் போய்ப் பார்க்கும்போது கிணற்றைச் சுற்றி ஒரு தனி வாசனை இருக்கும், ஆவாரம்பட்டை போட்டுப் பதப்படுத்திய தோல் நனைந்த வாசனை, அதில் தடவிய புங்கெண்ணெய், வடத்துக் கயிற்றின் நார், மாட்டு மூச்சு, எல்லாவற்றுக்கும் அடியில் கிணற்றின் வாயிலிருந்து எழுந்து வரும் அந்த நனைந்த கல்லின் குளிர்ச்சி. உள்ளே எட்டிப் பார்த்தால் கல் பொந்துகளில் புறாக்கள், கிணற்றுக்கு மேலாகச் சாய்ந்த கருவேல மரக்கிளையில் தூக்கணாங்குருவிக் கூடுகள், கீழே கறுத்த தண்ணீரில் ஒரு துண்டு வானம்.

கவலை இறைப்பதை இப்போது பிள்ளைகளுக்குச் சொன்னால் புரிவதில்லை, அதனால் கொஞ்சம் விவரமாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. கிணற்று மேட்டில் இரண்டு கல்தூண், குறுக்கே ஒரு மரம், அதில் உருளை, உருளைமேல் ஓடும் வடம்தான் பாரம் இழுப்பது, வடத்தின் ஒரு நுனியில் மாட்டு நுகத்தடி, மறு நுனியில் இரும்புத் தகட்டால் ஆன சால், சாலின் அடிப்பக்கம் தோலில் தைத்த தும்பி, யானைத் துதிக்கையைப் போல நீண்ட ஒரு குழல். தண்ணீர் மேலே வருகிறவரை தும்பியின் நுனியை வால்கயிறு தூக்கிப் பிடித்திருக்கும், சால் கிணற்றின் வாய்க்கு வந்ததும் தும்பி கீழே இருக்கிற உருட்டுக்கட்டையின்மேல் சரிந்து தொட்டிக்குள் தானே கொட்டிவிடும், யாரும் கைவைத்துக் கவிழ்க்க வேண்டியதில்லை. மாடுகள் சரிவான வாரியில் இறங்கும்போது ஓட்டுகிறவர் வடத்தின்மேல் உட்கார்ந்துகொள்வார், அவர் எடையும் சேர்ந்து இழுக்கும், சால் கொட்டி முடித்ததும் மாடுகள் திரும்பாமல் பின்னுக்கே நடந்து மேடேற வேண்டும். காங்கேயம் மாடு இதற்காகவே பிறந்தது என்று அப்பாரு சொல்வார், எனக்கு அப்போதே அதில் சந்தேகம் இருந்தது, பின்னுக்கு ஏறும்போது அவற்றின் கண் பிதுங்குவதை நான் பக்கத்திலிருந்து பார்த்திருக்கிறேன்.

1800-இல் கம்பெனிக்காக இந்தப் பக்கம் பயணம் வந்த பிரான்சிஸ் புக்கானன், கிணற்றுத் தோட்டங்களையும் கவலை இறைப்பையும் எழுதிவைத்திருக்கிறார், 1887-இல் நிக்கல்சன் கோயம்புத்தூர் மாவட்டத்தைப் பற்றி எழுதிய பெரிய புத்தகமும் இருக்கிறது. அவற்றைப் படித்தபோது எனக்குத் தோன்றியது, இந்த நாட்டில் கிணறு வெறும் நீர்நிலை அல்ல, குடும்பத்தின் முழு ஆயுளும் போட்டுக் கட்டிய சொத்து. மழை வருஷத்துக்கு 600, 700 மில்லிமீட்டர், அதுவும் நிச்சயமில்லை, அடியில் பாறை, பாறையின் மேல்பக்கம் இற்றுப்போன அடுக்கிலும் வெடிப்புகளிலும்தான் தண்ணீர். போயர்கள் உளியும் சம்மட்டியும் கொண்டு, பிறகு வெடிமருந்தும் கொண்டு, கோடைக்குக் கோடை இரண்டு முழம் மூன்று முழம் என்று இறக்குவார்கள், 1883-இல் வந்த நில அபிவிருத்திக் கடன் சட்டத்தின்கீழ் சர்க்காரில் தக்காவிக் கடன் வாங்கி வெட்டியவர்களும் உண்டு, கம்போடியாப் பருத்தி வந்து விலை கிடைத்த பிறகு இன்னும் பல குடும்பங்கள் துணிந்தன. எங்கள் கிணற்றை அப்பாருவின் அப்பா தொடங்கி, அப்பாரு முடித்தார், முடித்தார் என்பதுகூடச் சரியில்லை, ஒவ்வொரு பங்குனியிலும் அவர் கிணற்றுக்குள் இறங்கி ஊற்றுக்கண்ணைக் கையால் தடவிப் பார்த்துவிட்டு வருவார்.

அவருக்கு ஒரு பழக்கம், காலையில் பல் விளக்கிக்கொண்டே கிணற்று மேட்டுக்கு வந்து ஒரு சின்னக் கல்லை உள்ளே போடுவார், சத்தம் வருகிறவரை வேப்பங்குச்சி வாயில் அசையாமல் நிற்கும். அந்தச் சத்தத்தை வைத்து அன்றைக்கு எத்தனை பாத்தி பாயும், மிளகாய்க்கு விடலாமா புகையிலைக்கு விடலாமா, சோளம் இன்னும் இரண்டு நாள் தாங்குமா என்று முடிவு செய்வார். கோடையில் தண்ணீர் கீழே இறங்க இறங்க வடத்தோடு இன்னொரு முழம் கயிறு சேர்த்து முடிவார்கள், வாரியையும் அதற்கேற்ப நீட்ட வேண்டும், ஓரளவுக்கு மேல் நீட்ட முடியாது, மாடு நடக்க இடம் வேண்டும், மாட்டுக்குப் பலம் வேண்டும். ஒரு சோடி மாடு நாள் முழுக்க இறைத்தாலும் ஒரு ஏக்கர் முழுசாக நனையாது. வடம் எவ்வளவு நீளமோ அவ்வளவுதான் வெள்ளாமை, அதற்குமேல் ஆசைப்பட வழியே இல்லை, அந்த அளவை யாரும் சட்டம் போட்டுச் சொல்லவில்லை, கயிறே சொல்லிவிடும்.

இத்தனையும் அப்பாருவைப் பற்றிச் சொல்கிறேனே தவிர, உருளை சத்தத்தோடு இருட்டில் நின்றவர் அவர் இல்லை. கவலை ஓட்டியவர் எங்கள் பண்ணையத்தில் வருஷக் கூலிக்கு இருந்த ஒருவர், அருந்ததியர், மெலிந்த உடம்பு, காதில் கடுக்கன், விடியும்வரை அவர் பாடுகிற பாட்டு எனக்கு அரைத் தூக்கத்தில் கேட்கும், எத்தனை சால் ஆயிற்று என்பதை அந்தப் பாட்டிலேயே எண்ணிக்கொண்டு போவார். தும்பி கிழிந்தால் தைப்பவரும் அவர்தான், வளவுக்கு எடுத்துப்போய், தொடையில் வைத்து, ஊசியால் துளைபோட்டுத் தோல்வாரால் இறுக்கித் தைத்து, எண்ணெய் பூசிக் கொண்டுவருவார். அவர் தைத்த தோலில்தான் அந்தக் கிணற்றுத் தண்ணீர் முழுவதும் மேலே வந்தது, ஆனால் அவர் அந்தக் கிணற்றின் படியில் கால் வைத்ததில்லை, தாகம் எடுத்தால் வாய்க்கால் ஓரம் குந்தி இரண்டு கையையும் சேர்த்துப் பிடிப்பார், ஆத்தா உயரத்திலிருந்து ஊற்றுவாள். நாங்கள் சின்னப் பிள்ளைகள் அவரைப் பேர் சொல்லி, ஒருமையில் கூப்பிடுவோம், அவர் எங்களைச் சின்னப் பண்ணாடி என்பார். கூலி கம்பாகவும் சோளமாகவும் வருஷத்துக்கு ஒருமுறை அளக்கப்பட்டது, பொங்கலுக்கு வேட்டி, அவர் சம்சாரத்துக்குச் சீலை. அவர் மகள், என் வயதுதான் இருக்கும், பாத்திக்குப் பாத்தி மண்வெட்டியால் மடை மாற்றுவாள், நான் அதே நேரம் முதுகில் சொரைப்புருடையைக் கட்டிக்கொண்டு கிணற்றுக்குள் நீச்சல் பழகிக்கொண்டிருந்தேன்.

கிணற்றை நினைத்தால் கூடவே வாய்க்காலும் நினைவுக்கு வந்துவிடும், ஏனென்றால் பள்ளிக்கூட லீவு விட்டால் நான் போவது அம்மிச்சி வீட்டுக்கு, அம்மாவைப் பெற்றவள் வீடு, கோபிப் பக்கம், அங்கே தண்ணீருக்கு மாடு வேண்டாம், கயிறு வேண்டாம், அது தானே நடந்து வந்தது. 1948-இல் தொடங்கி 1955-இல் முடித்த பவானிசாகர் அணையிலிருந்து வருகிற கீழ்பவானி வாய்க்கால், 200 கிலோமீட்டர் நீளம், இரண்டு லட்சம் ஏக்கருக்குமேல் பாய்கிறது, முதல்முறை அதன் கரையில் நின்றபோது, ஒரு சால் தண்ணீருக்கு எங்கள் ஊரில் என்ன பாடு படுகிறார்கள் என்று நினைத்து எனக்குக் கோபம்தான் வந்தது. அம்மிச்சி வீட்டுக் களத்தில் தை மாசி மாதங்களில் மஞ்சள் வேகும், பெரிய கொப்பரையில் கிழங்கைப் போட்டு மேலே மஞ்சள் தழையால் மூடி, கரும்புச் சோகையும் தென்னை மட்டையும் எரித்து வேக வைப்பார்கள், அந்த ஆவி கிளம்பினால் ஊர் முழுக்க ஒரு காரமான மண்வாசனை, துணியில் ஏறி, தலைமுடியில் ஏறி, நான் ஊருக்குத் திரும்பி நாலைந்து நாள் ஆனாலும் ஆத்தா என்னை மோந்து பார்த்து, "அம்மிச்சி ஊட்டுக் கொப்பரைக்குள்ளயே கெடந்தியா கண்ணு" என்பாள்.

அம்மிச்சி வீட்டு அப்புச்சிக்குக் கல் போட்டுக் கேட்கிற வேலை இல்லை, அவர் பேப்பர் பார்ப்பார். காலை பஸ்ஸில் பேப்பர் வந்ததும், டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து, கண்ணாடிக்குப் பதில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு, அணை மட்டம் இருக்கிற மூலையை மட்டும் விரலால் தேடுவார், 105 அடி நிறைமட்டம், இன்றைக்கு எத்தனை அடி, உள்ளே எத்தனை கன அடி வருகிறது, வெளியே எத்தனை போகிறது, அதைப் படித்து முடித்ததும் பேப்பரை மடித்துப் பக்கத்தில் இருப்பவரிடம் கொடுத்துவிடுவார், உலகத்தில் மற்றது எதுவும் அவருக்கு வேண்டியதில்லை. வாய்க்காலின் மதகுகளை ஒற்றைப்படை, இரட்டைப்படை என்று பிரித்திருந்தார்கள், ஒரு பருவம் ஒரு பாதிக்கு நெல்லுக்குத் தண்ணீர், அடுத்த பாதிக்குப் புஞ்சைப் பயிருக்கு, மறு வருஷம் மாறிவிடும். "இந்த வருசம் அவிக மொறை, நாம சும்மா இருக்கோணும்" என்று அவர் சொல்வதை நான் கேட்டிருக்கிறேன், சொல்லிவிட்டு எதிர்க்கரை வயல் பச்சையாக இருப்பதைப் பார்த்துக்கொண்டே கடலைக்காய் உரிப்பார். அங்கேயும் அளவு இருந்தது, கயிற்றுக்குப் பதிலாக முறை. மதகைத் திருட்டுத்தனமாகத் திறந்த சண்டைகளும் வெட்டுக்குத்தும் இருந்தன, அதை மறைத்துச் சொல்ல மாட்டேன், ஆனால் சண்டை வருகிற அளவுக்காவது யாருடைய தண்ணீர் எது என்று எல்லாருக்கும் தெரிந்திருந்தது.

ஒரு லீவு முடிந்து வந்தபோது எங்கள் கிணற்று மேட்டில் உருளை இல்லை. கிழக்குப் பக்கம் சின்னதாக ஒரு மோட்டார் ரூம் எழும்பியிருந்தது, சுண்ணாம்பு இன்னும் காயவில்லை. பைக்காராவில் 1930-களின் தொடக்கத்தில் எடுத்த மின்சாரம் முதலில் கோயம்புத்தூர் மில்களுக்குப் போனது, பிறகு மேட்டூர், பாபநாசம் என்று சேர்ந்துகொண்டே வந்து, ஐம்பதுகளிலும் அறுபதுகளிலும் தோட்டத்துக்குத் தோட்டம் கம்பம் நட்டார்கள், மோட்டாருக்கு வெகுதூரம் போக வேண்டியதும் இல்லை, ஜி.டி.நாயுடுவும் பாலசுந்தரம் நாயுடுவும் 1937-லேயே மோட்டார் செய்த ஊர் கோயம்புத்தூர். அப்பாரு முதல்முறை ஸ்டார்ட்டரைத் தட்டியபோது தண்ணீர் குழாயில் முட்டிக்கொண்டு வெளியே பாய்ந்ததையும், ஆத்தா அதில் மஞ்சளும் குங்குமமும் தூவியதையும், தொட்டி நிரம்பி வழிந்ததையும், வழிகிறதே என்று எல்லாரும் சிரித்ததையும் மறக்க முடியாது, அதுவரை எங்கள் தோட்டத்தில் தண்ணீர் வழிந்ததில்லை. மோட்டார் ரூமுக்கு வேறு வாசனை, சூடான காயில், கிரீஸ், பல்லி எச்சம், சிவப்பு பல்பின் வெளிச்சத்தில் அப்பாருவின் முகம் வேறு யாருடையதோ என்று தோன்றும். கல் போடுகிற பழக்கத்தை அவர் விடவில்லை, ஆனால் சத்தம் ஒரு சொல் சொல்லும், மோட்டார் வேறு சொல்லும், கடைசியில் கேட்டது மோட்டாரின் சொல்லைத்தான்.

மாடுகளைக் கண்ணபுரம் தேர்ச் சந்தைக்கு ஓட்டிப்போய் விற்றார்கள். சால் கொஞ்ச நாள் கோழி அடைக்க உதவியது. கவலை ஓட்டியவருக்கு அதன்பிறகு வருஷக் கூலி இல்லை, வேலை இருந்தால் கூப்பிடுவார்கள், தும்பி தைக்கிற வேலை சுற்றுவட்டாரத்திலேயே நின்றுபோனது. அப்போது அதை நான் நினைத்துப் பார்க்கவில்லை, இப்போது நினைத்தால் அதில் இரண்டு விஷயம் சேர்ந்தே இருக்கிறது, ஒரு கைத்தொழில் ஒரே வருஷத்தில் போயிற்று, விடிவெள்ளியோடு எழுந்து மாட்டோடு மாடாகப் பின்னுக்கு நடக்கிற பாடும் அவருக்கு அதே வருஷத்தில் போயிற்று. அவர் பிள்ளைகள் திருப்பூர் பனியன் கம்பெனிக்குப் போனார்கள், வாரச் சம்பளம், சனிக்கிழமை கையில் காசு, யாரையும் பண்ணாடி என்று கூப்பிட வேண்டியதில்லை. பழைய கிணற்றுக்காக ஏங்குகிற என் போன்றவர்கள் இந்தக் கணக்கைச் சேர்க்காமல் ஏங்கினால் அது முழுசான ஏக்கம் ஆகாது என்பது என் எண்ணம்.

கரண்ட்டுக்கு விலை ஏறியபோது ஊர் கொதித்தது. 1970 ஜூன் மாதம் பெருமாநல்லூரில் துப்பாக்கிச் சூடு நடந்து மூன்று விவசாயிகள் இறந்தார்கள், யூனிட்டுக்கு ஒரு பைசா குறைக்கச் சொல்லித்தான் அந்தப் போராட்டம், அன்று சாயுங்காலம் எங்கள் வீட்டில் அடுப்பு எரியவில்லை, அப்பாரு வாசலில் நின்று பெருமாநல்லூர்ப் பக்கம் பார்த்துக்கொண்டே இருந்தார். 1972-இல் நாராயணசாமி நாயுடு தலைமையில் மாட்டு வண்டிகள் கோயம்புத்தூர்த் தெருக்களை அடைத்தபோது எங்கள் ஊர் வண்டிகளும் போயின, கவலைக்கு வேண்டாம் என்று ஆகியும் விற்காமல் வைத்திருந்த மாடுகள்தான் அந்த வண்டிகளை இழுத்தன. 1984-இல் சிறு விவசாயிகளுக்கும் 1990-இல் எல்லாருக்கும் கரண்ட் இலவசமானது. அது நியாயமான கோரிக்கை, வாய்க்கால் பாசனக்காரனுக்குத் தண்ணீர் நடந்து வருகிறது, கிணற்றுக்காரன் ஒவ்வொரு சொட்டையும் காசு கொடுத்துத் தூக்க வேண்டுமா என்று கேட்டார்கள், அம்மிச்சி ஊரையும் எங்கள் ஊரையும் ஒன்றாகப் பார்த்த எனக்கு அந்தக் கேள்வியின் வலி தெரியும், பெருமாநல்லூர் நினைவுத்தூணைப் பஸ்ஸில் கடக்கும்போதெல்லாம் கை தானாகக் கும்பிடுகிறது. ஆனால் அதே காலத்தில் நிலத்துக்கு அடியில் எவ்வளவு இருக்கிறது என்று கேட்கிற பழக்கம் எங்களிடமிருந்து போய்விட்டது. கரண்ட் எப்போது வரும் என்பதே ஒரே கேள்வி, ராத்திரி வரும் என்றால் ராத்திரி முழுக்க மோட்டார் ரூமில் படுத்துக் கிடப்பது, வந்ததும் போட்டுவிடுவது, போகிறவரை ஓட்டுவது.

பிறகு நடந்ததை வேகமாகச் சொல்லிவிடலாம், எல்லா ஊரிலும் ஒரே கதை. கிணற்றை வெடிவைத்து ஆழப்படுத்தினார்கள், 50 அடி 80 ஆயிற்று, கிணற்றுக்குள்ளேயே பக்கவாட்டில் சைடு போர் போட்டார்கள், பக்கத்துத் தோட்டத்துக்காரரும் போட்டார், பிறகு கிணற்றை விட்டுவிட்டு மேலேயே போர், 200, 400, 700 அடி. திருச்செங்கோட்டு ரிக் வண்டிகள் இந்தியா முழுக்க ஓடுகின்றன, அந்த ஊர்க்காரர்களின் உழைப்பைக் கண்டு வியந்திருக்கிறேன், ஆனால் அந்த வண்டி ஊருக்குள் நுழையும் சத்தம் கேட்டால் இப்போது எனக்கு வயிறு கலங்குகிறது, யார் வீட்டு நகை அடகுக்குப் போயிற்றோ என்று. மிளகாய் போயிற்று, புகையிலை போயிற்று, பருத்தி போயிற்று, ஆள் தேவைப்படாத தென்னை வந்தது, தென்னைக்கும் இப்போது லாரியில் தண்ணீர். அப்பாருவுக்குத் தெரிந்த கிணற்றின் தண்ணீர் கண்ணுக்குத் தெரிவது, குனிந்தால் முகம் தெரிவது, 1,100 அடியில் இருப்பதைக் கையால் தடவிப் பார்க்க முடியாது, கல் போட்டுக் கேட்க முடியாது, ஆறரை அங்குலத் துளையின் வாயில் ஒரு மூடி, அவ்வளவுதான்.

ரிக் போன மறுநாள் காலை கிணற்றுப் பக்கம் போனேன். வாரி இருந்த இடத்தில் சீமைக்கருவேல் அடர்ந்திருந்தது, கல்தூணில் ஒன்று சாய்ந்திருந்தது, வடம் உரசிய கல் விளிம்பில் பள்ளம் மட்டும் அப்படியே, விரல் வைத்தால் வழவழப்பு. உள்ளே பார்த்தபோதுதான் தெரிந்தது, அடியில் ஒரு மூலையில் கல் கறுத்து நனைந்திருந்தது, கொஞ்சம் தண்ணீர்கூடத் தேங்கியிருந்தது. அத்திக்கடவு அவிநாசித் திட்டம் என்று ஐம்பது அறுபது வருஷமாகக் கேட்டுக்கொண்டே இருந்தோம், தேர்தலுக்குத் தேர்தல் வாக்குறுதி, உண்ணாவிரதம், ஊர்வலம், கடைசியில் 2024 ஆகஸ்டில் திறந்தார்கள், காலிங்கராயன் அணைக்கட்டுக்குக் கீழே பவானியின் உபரி நீர் 1.5 டி.எம்.சி.யை எடுத்து, ஆறு நீரேற்று நிலையங்களால் மேட்டுக்கு ஏற்றி, 1,045 குளம் குட்டைகளுக்குக் குழாயில் விடுகிறார்கள். எங்கள் ஊர்க் குட்டையிலும் தண்ணீர் நின்றிருக்கிறது, நான் நம்பாமல்தான் இருந்தேன், அந்தக் குட்டைக்கும் இந்தக் கிணற்றுக்கும் நடுவில் இரண்டே தோட்டம்.

குனிந்து பார்த்துக்கொண்டிருந்தபோது பின்னால், "எப்ப வந்தீங்கண்ணா" என்று குரல் கேட்டது. மடை மாற்றிய அந்தப் பெண்தான், தலை முழுக்க நரை, பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை செய்து ஓய்ந்துவிட்டாள், மகன் சொந்தத்தில் தண்ணீர் லாரி வைத்திருக்கிறான், தம்பியின் தென்னைக்கு ஊற்றுவது அவன் லாரித் தண்ணீர்தான். கிணற்றை மூடப் போகிறார்களாமே என்று கேட்டாள், ஆமாம் என்றேன். கொஞ்ச நேரம் கிணற்றையே பார்த்துவிட்டு, "மூடறதுக்கு முன்னால ஒருக்கா எறங்கிப் பாத்துக்கறனுங்கண்ணா, எங்கப்பன் காலம் முச்சூடும் இதுல ஓட்டுனாரு, நான் மேல நின்னு தண்ணி கட்டுனதோட செரி, உள்ள எப்படி இருக்குதுன்னு இதுநாள் வரைக்கும் பாத்ததே இல்ல" என்றாள். செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு, கல்லைப் பிடித்துப் பிடித்து, பாதிப் படிவரை இறங்கினாள், அதற்குமேல் படி உடைந்திருந்தது. அங்கேயே உட்கார்ந்து சுற்றிலும் பார்த்தாள், புறா பறந்தது, "இத்தன பெருசா இது" என்று மட்டும் கேட்டாள், மேலே ஏறிவர என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

அன்று மத்தியானம் பழைய பத்திரத்தை எடுத்துப் படித்தேன், கிணற்றில் பங்கு, கவலையேற்றப் பாத்தியம், வாய்க்கால் பாத்தியம், மாமூல் வண்டித்தடப் பாத்தியம் என்று வரிசையாக எழுதியிருக்கிறது, கல், மண், மரம் எல்லாம் இருக்கிறது, அதை நாற்பது வருஷம் ஓட வைத்தவருக்கு அதில் ஒரு வரி இல்லை, அந்தக் காலத்துப் பத்திரத்தில் இருக்கவும் இராது. கையெழுத்துப் போட மாட்டேன் என்று தம்பியிடம் சொன்னேன். அவன் கோபப்படவில்லை, புகையாகப் போன பணத்தின் களைப்பில் இருந்தான், "சும்மா வெச்சிருந்து என்னங்கண்ணா பண்றது, ஆடு மாடு விழுகுது, பள்ளிக்கோடப் பசங்க விழுந்தா யாரு பதில் சொல்றது" என்றான். அது சரியான கேள்வி. முதலில் சுற்றிக் கம்பிவேலி போட்டுவிடுவோம், தை கழிந்ததும் கிரேன் வைத்துத் தூர் வாருவோம், படியை எடுத்துக் கட்டுவோம், குட்டைக்கு அடுத்த வருஷமும் தண்ணீர் வந்தால் கல்லின் ஈரம் எந்த மட்டம்வரை ஏறுகிறது என்று சுவரில் சுண்ணாம்புக் கோடு போட்டுப் பார்ப்போம், அதற்குப் பிறகு என்ன வெள்ளாமை என்று யோசிப்போம் என்றேன். செலவில் இரண்டு பங்கை நானே தருகிறேன் என்றும் சொன்னேன். அவன் கொஞ்ச நேரம் மனதுக்குள் கணக்குப் போட்டான், தண்ணீர் லாரிக்கு மாதம் கொடுக்கிற தொகையை வாய்விட்டுச் சொன்னான், பிறகு மூன்றாவது பங்காளிக்கும் ஒரு வார்த்தை சொல்லிவிட வேண்டும் என்று போனை எடுத்து, பெங்களூரில் இருக்கிற சித்தப்பா மகனின் நம்பரைத் தேடத் தொடங்கினான்.